வாப்பாவின் பேச்சு

ஜெனூபாவுக்கு நடந்த பாராட்டு விழாவின் வீடியோவை ஜெனூபாவேதான் எடிட் செய்ய வேண்டியிருந்தது. கல்முனையில் வேறு யாரிடம் கொடுப்பது?

விழாவில் அவளுக்குக் ‘கீழைத் திரைச் சுடர்’ என்று பட்டம் கொடுத்திருந்தார்கள். கலியாணம், சுன்னத்து, குறும்படம், தேர்தல் விளம்பரம் எல்லாம் கைவந்த பன்முகக் கலைஞி என்றார் தலைவர். பிறகு தன்னைப் பற்றிப் பேசினார்.

திரைக் குடும்பத்தின் வாரிசு என்றார் அடுத்தவர். அதுவும் சரிதான். வாப்பா ஜெமீல் கலியாண வீடியோ இயக்குநர். ஒரே மாப்பிள்ளையைக் காரிலிருந்து மூன்று தரம் இறங்கவைப்பார். அவளுக்கு மூத்தவரான காக்கா இன்ஷாப் ட்ரோன் கலைஞர். ட்ரோன் சாய்ந்தமருதுக் கடலில் விழும்வரை.

விடிந்ததிலிருந்து தொலைபேசி ஓயவில்லை. வாப்பாவைத் தவிர, மேடையில் பேசிய அத்தனை பேரும் அழைத்தார்கள்.

“தங்கச்சி, மத்தாக்கள்ர பேச்சக் குறைங்க. எண்ட பேச்சுல மட்டும் கைய வெச்சிராதீங்க.”

எல்லோருக்கும் ஓம் என்றாள். எல்லோரையும் வெட்டினாள். நன்றியோடுதான், பொன்னாடை போர்த்தியவர்கள் அல்லவா.

எஞ்சியது வாப்பாவின் பேச்சு. முக்கால் மணி நேரம்.

பட்டத்தைவிட, அவர் வாயால் தன்னைப் பற்றி ஒரு சொல் வருமா என்றுதான் அவள் மேடையில் காத்திருந்தாள். இப்போது மறுபடியும் ஓட்டிப் பார்த்தாள். அவள் பெயர்கூட இல்லை.

ஆனாலும் வெட்டக் கை போகவில்லை.

வாப்பா எடுத்ததை அந்த வீட்டில் யாரும் வெட்டக் கூடாது. விருந்தில் கூடியுண்ணும் சஹன் தட்டில் ஒருவர் கோழி பிய்ப்பதை ஏழு நிமிடம் எடுத்துவிட்டு, அதுதான் படத்தின் உயிர் என்பார். ஜெனூபா இத்தனை வருடமும் அவருக்குத் தெரியாமல்தான் வெட்டி வந்தாள். கலியாண வீட்டார் படத்தைப் புகழும்போது, “பாத்தீங்களா, ஒண்டையும் வெட்டல்ல” என்று வாப்பா நெஞ்சை நிமிர்த்துவார். அவள் தலையைக் குனிந்துகொள்வாள்.

பின்னால் செருப்புச் சத்தம். வாப்பா தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் வைத்தார். திரையில் அவரே கையை உயர்த்தி முழங்கிக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் பார்த்தார்.

“நீட்டிப்போட்டன் என்ன? எப்பயும் வெட்டுற மாதிரி வெட்டு மகள்.”

சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

அவர் பேசிக் கேட்டதிலேயே மிகச் சிறிய பேச்சு அது. அதில் வெட்ட ஒன்றும் இருக்கவில்லை.