முன்பின் தெரியாதவர்

பள்ளிக்கூட வாசலில் சாய்வெயில் கண்ணைக் கூசுகிறது. கப்பல் வேலைக்குப் போய் மூன்று வருடம் கழித்துத் திரும்பிய தகப்பன், மகளை அழைத்துப்போகக் கம்பிக்கதவுக்கு வெளியே குத்துக்கல்லாய் நிற்கிறான். அவள் உள்ளே, காவலாளியின் சட்டையைப் பிடித்தபடி. "இவரை உனக்குத் தெரியுமா பாப்பா?" "ஸ்ட்ரேஞ்சர்கூட போகக்கூடாதுன்னு டீச்சர் சொன்னாங்க. ஸ்ட்ரேஞ்சர்னா யாரு தாத்தா?" "முன்னபின்ன தெரியாதவங்க." அவள் யோசிக்கிறாள். "இவரைப் போன்ல தெரியும். நேர்ல தெரியாது." காவலாளியின் கை தாழ்ப்பாளிலேயே நிற்கிறது. தகப்பன் கம்பியருகே குனிகிறான். "அப்பாதான்டா கண்ணு" என்கிறான். கண்ணை மூடி அந்தக் குரலைக் கேட்டபின்தான் தலையாட்டுகிறாள். கதவு திறக்கிறது. அவன் கையை நீட்டுகிறான். அவள் புத்தகப்பையைக் கழற்றி அந்தக் கையில் மாட்டிவிட்டு, தள்ளியே நடக்கிறாள்.