அரைக்கட்டை இறக்கம்

கச்சேரிக்கு முன் மிருதங்கத்தின் விளிம்பைக் கல்லால் தட்டிச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் இருந்த கடம் சிரித்தது.

“தினமும் இப்படி அடி வாங்குகிறாயே, வெட்கமாக இல்லை? சூளையில் வெந்தபோது வந்த சுருதிதான் எனக்கு. யாருக்காகவும் மாற மாட்டேன்.”

“எனக்குப் பழகிவிட்டது” என்றது மிருதங்கம்.

அப்போது பாடகி சுகந்தி இருமினாள். “தொண்டை கட்டியிருக்கு. இன்னிக்குச் சுருதியை அரைக்கட்டை இறக்கிப் பாடறேன்.”

மிருதங்கத்துக்கு மேலும் நாலு அடி விழுந்தது. கடத்தை யாரும் அடிக்கவில்லை. துணியில் சுற்றிப் பைக்குள் வைத்துவிட்டு, அரைக்கட்டை குறைந்த வேறொரு கடத்தை எடுத்தார்கள்.

புதுக் கடம் மேடையில் உட்கார்ந்ததும் மிருதங்கத்தை ஏற இறங்கப் பார்த்தது. “என்மேல் இதுவரை ஒரு கல் பட்டதில்லை, தெரியுமா?”

“தெரியும்” என்றது மிருதங்கம். “பைக்குள் போனவரும் அதைத்தான் சொன்னார்.”