ராஜா விட்டுக்கொடுத்த காடு

"மரத்து மேல ராஜா பேரா எழுதியிருக்கு?"

குன்வோர் கேட்டதும், கூடையும் காபி பிளாஸ்க்குமாகக் காட்டு வேலிக் கதவின் முன் நின்ற நாங்கள் அறுபது பேரும் கைதட்டினோம்.

ஸ்டாக்ஹோமுக்கு வெளியே ஏரிக்கரையில் இருக்கிறது எங்கள் ஊர். அரண்மனையும் அதைச் சுற்றிய காடும் அரசாங்கத்துடையவை. ராஜாவுக்குச் சட்டப்படி இருப்பது உபயோகிக்கும் உரிமை மட்டும். அதை வைத்துக்கொண்டு காட்டின் இந்தப் பக்கத்தை வேலி போட்டுப் பூட்டியிருந்தார்கள்.

மூன்று வருஷம் முன்பு முட்டி ஆபரேஷன் ஆன கையோடு கிளம்பினாள் குன்வோர். ஓய்வு பெற்ற கணக்கு டீச்சர். வீடு வீடாக ஏறிக் கையெழுத்து வாங்கி, மனு மேல் மனுப் போட்டு, ஒருவழியாக அரண்மனையை இறங்கி வர வைத்துவிட்டாள். இன்று காலை பத்து மணிக்குத் திறப்பு.

காவல்காரர் தோர்ஸ்டன் சாவியோடு வந்தார். குன்வோர் அவரையும் விடவில்லை.

"ரொம்ப நாள் அனுபவிச்சா அது சொந்தமாயிடுமா, தோர்ஸ்டன்?"

அவர் பூட்டைத் திறந்தார்.

பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகள் மாதிரி ஓடினோம். ஆகஸ்ட் மாதம், இரண்டு நாள் மழை வேறு. ருசிக்குப் பேர்போன மஞ்சள் காளான் முளைக்கும் இடத்தை எங்கள் ஊரில் பெற்ற மகளிடம்கூடச் சொல்ல மாட்டார்கள். இங்கேயோ யாருக்கும் அப்படித் தனி இடம் கிடையாது. முதலில் கண்டவருக்கு அதிர்ஷ்டம்.

"இங்க வாங்க, தரையெல்லாம் மஞ்சளா இருக்கு" என்று பிர்ச் மரங்களுக்குள்ளிருந்து பக்கத்து வீட்டு மாலின் கூவினாள்.

எல்லோரும் பாய்ந்தோம். அதற்குள் குன்வோர் விந்தி விந்திப் போய்க் கையை விரித்துக்கொண்டு குறுக்கே நின்றாள்.

"யாரும் தொடாதீங்க. இது என் இடம். வருஷக்கணக்கா நான்தான் இங்க பறிச்சேன்."

மாலினுக்குப் புரியவில்லை. "நேத்து வரைக்கும் பூட்டித்தானே கிடந்துது?"

குன்வோரின் முகம் சிவந்துபோயிற்று. நாங்கள் பின்னாலேயே வந்திருந்த தோர்ஸ்டனைப் பார்த்தோம். அவர் தொப்பியைக் கழற்றினார்.

"அவங்க சொல்றது நிஜந்தான். பின்பக்க வேலிக்கு அடியில ஒரு ஓட்டை இருக்கு. ஆபரேஷனுக்கு அப்புறம் அவங்களால குனிஞ்சு நுழைய முடியல. அதுக்கு ரொம்ப முன்னாடியே, அடைச்சிடலாமான்னு அரண்மனைக்கு எழுதிக் கேட்டேன். 'வேண்டாம், அந்தம்மா வந்து போகட்டும்'னு பதில் வந்துது."