பதினோரு ஓட்டு

மேயர் தேர்தலில் பதினோரே ஓட்டில் தோற்ற மறுநாள், சான் இஸித்ரோ ஊர் வக்கீல் அனிசெட்டோ தன் அலுவலகக் கதவைத் திறக்கவேயில்லை. விவசாயி செல்சோதான் தட்டித் திறக்க வைத்தான். அவன் கக்கத்தில் ஒரு கோழி.

"அட்டர்னி, எங்க வீட்டுல பதினாலு ஓட்டு. ஒண்ணுகூட உங்களுக்குப் போடல."

"அதைச் சொல்ல கோழி வேறயா? ஜெயிச்ச அந்த ஆளு எத்தனை மூட்டை அரிசி கொடுத்தான்?" என்றாள் வக்கீலின் மனைவி லூர்தெஸ்.

"கொடுத்தான்மா. திருப்பி அனுப்பிட்டோம்."

"பின்ன ஏன்யா போடல?"

"மேயராயிட்டா கோர்ட்டுல வாதாடக் கூடாதாமே. அடுத்த மாசம் எங்க நிலத்துக் கேஸு விசாரணைக்கு வருது. ஒரு கோழியை ஃபீஸா வாங்கிட்டு வாதாட எங்களுக்கு வேற யாரு இருக்கா?"

அனிசெட்டோவுக்கு இரண்டு நாளில் முதல்முறையாகச் சிரிப்பு வந்தது. "கேஸு முடிஞ்சா?"

"அடுத்த தேர்தல்ல பதினாலும் உங்களுக்குத்தான்."

அவர் கேஸ் கட்டைத் தேடி எடுத்தார். கோழியைக் கட்டிப்போட வெளியே போன லூர்தெஸ் உடனே திரும்பி வந்தாள்.

"ஏங்க, வாசல்ல இன்னும் ஒன்பது பேர் நிக்கிறாங்க. எல்லார் கையிலயும் கோழி."