ஏழாம் கம்பத்து விளக்கு

ஏழாம் கம்பத்துத் தெருவிளக்குக்குத் தலைக்கனம் வந்ததில் ஆச்சரியமே இல்லை. கரண்ட் போய்த் திரும்பி வரும்போதெல்லாம் தெருவே “ஏ...ய்!” என்று கூச்சல் போட்டு அதை வரவேற்கும். அந்த மரியாதை நிலாவுக்குக்கூடக் கிடையாது.

அன்று ஆடி மாத இரவு. சனமெல்லாம் மொட்டைமாடியில் பாய் விரித்து, மேலே பார்த்தபடி மல்லாந்து கிடந்தது.

“பாத்தியா, என்னைப் பாக்க எவ்வளவு கூட்டம்!” என்றது விளக்கு, தன் வெளிச்சத்தில் பூச்சி பிடித்துப் பிழைக்கும் பல்லியிடம்.

“உன்னை இல்லண்ணே. வருஷா வருஷம் இந்த ராத்திரி எரிநட்சத்திரம் மழையாட்டம் கொட்டுமாம். அதைப் பாக்க.”

“நட்சத்திரமா? இங்கே நின்ன இத்தனை வருஷத்துல நான் ஒண்ணைக்கூடப் பாத்ததில்லையே. நீ?”

பல்லியும் பார்த்ததில்லை.

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. கரண்ட் இல்லாவிட்டால் விளக்குக்குக் கண் தெரியாது, காது மட்டும் கேட்கும்.

“ஏ...ய்!” என்றது தெரு.

விளக்குக்குப் பகீரென்றது. நான் போனதற்கா இந்தக் கூச்சல்?

“அதோ! அதோ இன்னொண்ணு!” என்று மாடிக்கு மாடி கத்தினார்கள். பக்கத்தில் பல்லியும் “அடேயப்பா!” என்றது.

கால் மணி கழித்துக் கரண்ட் வந்தது. விளக்கு பளிச்சென்று எரிந்து, வழக்கமான வரவேற்புக்குக் காத்திருந்தது.

“ச்சே!” என்றார்கள் எல்லா மாடியிலும், ஒரே குரலாக.

விளக்கு ஒரு கணம் மங்கியது. பிறகு வானத்தை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தது. ஒரு புள்ளிகூட இல்லை. உடனே நெஞ்சு நிமிர்ந்துவிட்டது.

“பாத்தியா தம்பி! நான் கண்ணைத் தொறந்ததும் அத்தனையும் ஓடிப்போச்சு. அந்தப் பயம் இருக்கணும்!”