பெயருக்காகப் பெருகிய ஆறு

மலையுச்சிப் பனிப்பாறையின் மகள் அந்த ஆறு. அடிவாரத்தில் இன்னொரு ஆறும் வந்து சேரும். இரண்டில் எது பெரியதோ, அதன் பெயர்தான் கடல்வரை நிலைக்கும். அவளுக்கு அதே கவலை.

“அம்மா, இன்னும் கொஞ்சம் தண்ணி தாயேன்” என்று கோடைதோறும் நச்சரிப்பாள். பனிப்பாறையும் மறுக்காமல் உருகிக் கொடுப்பாள்.

ஒரு கோடையில் ஆறு கரைபுரண்டு ஓடினாள். அடிவாரத்து ஆறு ஒதுங்கி வழிவிட்டது. “இனிமேல் உன் பெயர்தான், அக்கா” என்றது.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. “அம்மா, ஜெயிச்சுட்டேன்!” என்று உச்சியைப் பார்த்துக் கூவினாள். பனி கிடந்த இடத்தில் ஒரு கரும்பாறை வெயில் காய்ந்துகொண்டிருந்தது.

“எங்கே என் அம்மா?”

“உன்னோடுதானே இறங்கிப் போனாள்” என்றது பாறை.