கேமராவை நிறுத்து

"முதல்ல அந்தக் கேமராவ நிறுத்து," என்றார் ராமதாஸ், செருப்பைக்கூடக் கழற்றாமல்.

தேவிப்ரியா நிறுத்தவில்லை. மெட்ராஸுக்குப் போய்ப் படம் எடுக்கக் கற்றுக்கொண்டவள், முதல் டாக்குமெண்டரியைச் சொந்த வீட்டிலேயே ஆரம்பித்திருந்தாள். கேமராவுக்கு எதிரே, அடி அண்ணாமலையில் கிரிவலப் பாதையோரம் டிபன் கடை நடத்தும் அவள் அம்மா பச்சையம்மாள் உட்கார்ந்திருந்தாள்.

விஷயம் இதுதான். தேவிப்ரியாவின் அப்பா எப்போதோ காவி கட்டிக்கொண்டு வீட்டைவிட்டுப் போய்விட்டார். ஊருக்கு மட்டும் பம்பாயில் வேலை என்று சொல்லிவைத்திருந்தார்கள்.

தாய்மாமன் ராமதாஸின் பெண்ணைப் பார்க்க மாப்பிள்ளை வீட்டார் வருகிற நேரம். குட்டு உடைந்தால் சம்பந்தமே நின்றுபோகும் என்று மனுஷன் குதித்தார். பெத்தவளைச் சந்தி சிரிக்க வைக்கிறவளெல்லாம் ஒரு பொண்ணா என்று வேறு கேட்டார்.

"சிரிக்கட்டும் மாமா. ஓடிப்போனவருக்கு இல்லாத வெட்கம் எங்கம்மாவுக்கு எதுக்கு? மூடி மூடி வச்சுத்தான் இந்த வீடு நாறுது. யார் மனசு நோகும்னு பாத்துக்கினு இருந்தா உண்மைய எடுக்க முடியாது. கேமராவ நிறுத்த மாட்டேன்."

இவளிடம் பேசி ஜெயிக்க முடியாது என்று ராமதாஸ் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

தேவிப்ரியா அம்மா பக்கம் திரும்பினாள். "எதையும் ஒளிக்காம சொல்லும்மா. அப்பா விட்டுட்டுப் போனது எப்படி இருந்துச்சு?"

பச்சையம்மாள் கொஞ்சமும் தயங்கவில்லை.

"அது ஆறிப்போச்சு. எங்க போயிட்டாரு பெருசா? பௌர்ணமிக்குப் பௌர்ணமி சாமியாருங்களுக்குச் சோறு போடறேன்ல, அந்த வரிசையில அவரும் வந்து நிக்கறாரு. தாடியில யாருக்கும் அடையாளம் தெரியல. சாம்பார ஜாஸ்தியா ஊத்துன்னு அதிகாரம் வேற."

தேவிப்ரியாவுக்குத் தலைகால் புரியவில்லை. இப்படி ஒரு காட்சி யாருக்குக் கிடைக்கும்! அம்மாவின் முகத்துக்கு இன்னும் நெருக்கமாகப் போனாள்.

"அப்ப எதும்மா ஆறல?"

"நீ போனதுதான்."

அம்மா தொடர்ந்தாள்.

"எனக்குக் கர்ப்பப்பை எடுத்தப்ப போன் மேல போன் போட்டேன். ஷூட்டிங்னு சொல்லிட்ட. உங்க மாமன்தான் மூத்திரப்பையப் புடிச்சிக்கினு என் கூடவே நடந்தான். அக்காளுக்கு ஆம்பள செய்யற வேலையா அது? தையல் பிரிச்சி, நான் கடை தொறக்கற வரைக்கும் நீ எட்டிப் பாக்கல. இப்ப வந்திருக்க. அதுவும் கேமராவோட வந்திருக்க."

தேவிப்ரியாவின் விரல் தானாகப் போய்ப் பொத்தானை அழுத்தியது. சிவப்பு விளக்கு அணைந்தது.

"ஏம்மா நிறுத்திட்ட?" என்று வாசலிலிருந்து கேட்டார் ராமதாஸ். அவர் குரலில் கோபம் இல்லை.

"டேப் தீந்துபோச்சு மாமா," என்றாள், அவர் முகத்தைப் பார்க்காமல்.

பச்சையம்மாள் உட்கார்ந்த இடத்தைவிட்டு அசையவில்லை.

"வேற டேப் போடு. நான் இன்னும் முடிக்கல."